ஆறு விநாடி இடைவெளி

மூன்றாவது தடவையும் அந்தக் குரல் வந்தது. மூன்றாவது தடவையும் பதில் இல்லை.

"யாருக்காச்சும் கேக்குதா? அடிப்பலகை விட்டுப்போச்சு. தண்ணி ஏறுது. ரெண்டு பேரு இருக்கோம். யாருக்காச்சும்..."

மிச்சம் கேட்கவில்லை. வடகரை வானொலிக் கோபுரத்தின் அறிவிப்பு மேலே விழுந்து அமுக்கிவிட்டது.

"இது வடகரையின் அலைவரிசை. இதில் வடகரைக்கே உரிமை. இது வடகரையின் அலைவரிசை."

அது ஓய்ந்ததும் தென்கரைக் கோபுரம் ஆரம்பித்தது.

"இது தென்கரையின் அலைவரிசை. ஆதியிலிருந்தே தென்கரையின் அலைவரிசை."

நடுக்கடலில் நங்கூரச் சங்கிலியோடு ஆடிக்கொண்டிருந்த மிதவைக்கு எல்லாம் கேட்டது. கேட்பதற்காகத்தான் அதை அங்கே போட்டிருந்தார்கள். உச்சி வெயில். தலையில் இருந்த தகடு கொதித்தது. அடியில் பாசி அரித்தது. பதினோரு வருஷமாக இப்படித்தான். எல்லாம் அலுத்துப்போயிருந்தது. ஆனாலும் ஒரு குரல் வந்தால் அலுப்போடு அலுப்பாக நிமிர்ந்து காது கொடுத்துவிடும். அந்தப் பழக்கம் மட்டும் போகவில்லை.

அதை அங்கே போட்ட கதையைச் சொல்லிவிடலாம். நீளமில்லை.

இரண்டு நாடுகள். நடுவே ஒரு கடல். வானம் தெளிந்த நாளில் இந்தக் கரையில் நின்றால் அந்தக் கரையின் அடுப்புப் புகை தெரியும். அவ்வளவு சின்னக் கடல். அதன் நடுவே ஒரு கோடு. கோடு வரைபடத்தில் இருக்கிறது, தண்ணீரில் யாரும் பார்த்ததில்லை. ஒருமுறை அந்தக் கோட்டின் மேல் ஒரு படகு மூழ்கியது. ஏழு பேர் கூப்பிட்டுக் கூப்பிட்டே செத்தார்கள். தெற்கு போகும் என்று வடக்கு இருந்தது. வடக்கு போகும் என்று தெற்கு இருந்தது. பிறகு இரண்டு நாட்டுக்கும் வெட்கமாகப் போய்விட்டது. கூடிப் பேசினார்கள், கைகுலுக்கினார்கள், காதும் வாயும் வைத்து ஒரு மிதவை செய்து கோட்டின் மேல் இறக்கினார்கள்.

பாதி நீலம் அடித்தது வடக்கு. பாதி மஞ்சள் அடித்தது தெற்கு. நீலம் வடக்கைப் பார்க்க வேண்டும், மஞ்சள் தெற்கைப் பார்க்க வேண்டும் என்று ஏற்பாடு. மிதவை என்றால் நீரோட்டத்துக்குத் திரும்பத்தான் செய்யும். திரும்பிய ஒவ்வொரு முறையும் ஏதாவது ஒரு கோபுரம் கண்டனம் தெரிவித்தது. சங்கிலியில் கட்டிப்போட்டதும் அவர்கள்தான், ஏன் சுற்றுகிறாய் என்று கேட்டதும் அவர்கள்தான்.

வாய் வைத்தார்களே தவிர, பேச விடவில்லை. மிதவை எந்த அலைவரிசையில் பேச வேண்டுமோ அது யாருடையது என்று முடிவாகவில்லை. முடிவாகும்வரை வாயைத் திறக்கக் கூடாது. கடலில் யாராவது கூப்பிட்டால் ஒரு படிவத்தை நிரப்பித் தனி வழியில் இரண்டு கோபுரங்களுக்கும் அனுப்பலாம். அந்தத் தனி வழியில் மட்டும் பேசத் தடையில்லை. படிவத்தின் முதல் கட்டம், 'கோட்டுக்கு எந்தப் பக்கம்?' அதை நிரப்பாமல் அடுத்த கட்டம் திறக்காது. எத்தனை பேர் உயிருக்குப் போராடுகிறார்கள் என்பது ஒன்பதாவது கட்டம்.

கோபுரங்களுக்கு வேறொரு பயம் இருந்தது. கொஞ்ச நேரம் சும்மா இருந்தால் உரிமை போய்விடுமோ என்ற பயம். அதனால் இது சொல்லி முடித்ததும் அது, அது சொல்லி முடித்ததும் இது, பகல் முழுக்க அலைவரிசை தன்னுடையது என்று அறிவித்துக்கொண்டே இருந்தன. ஒன்று முடித்ததும் மற்றது ஆறு விநாடி பொறுத்துத்தான் ஆரம்பிக்கும். குறுக்கே பேசினாய் என்ற பழி வரக் கூடாது. அவை இரண்டுக்கும் நடுவே இருந்த ஒரே மரியாதை அந்த ஆறு விநாடிதான்.

அந்த ஆறு விநாடிக்குள்தான் இந்தக் குரல் வந்து வந்து மாட்டிக்கொண்டது.

மிதவை குரல் வந்த திசையைப் பார்த்தது. நீரோட்டத்தைப் பார்த்தது. தெற்கே, கோட்டிலிருந்து கால் மைல். படிவத்தை நிரப்பி அனுப்பியது.

"கிடைத்தது. பரிசீலிக்கிறோம்," என்றது தென்கரைக் கோபுரம்.

"பரிசீலிக்க என்ன இருக்கு? உங்க பக்கம்தான் கிடக்காங்க. உங்க மீட்புப் படகு கரையில சும்மாதானே நிக்குது?"

"மிதவையாரே, படிவம் அனுப்புவது உம்முடைய வேலை. படகு அனுப்புவது எம்முடைய வேலை."

இருபது நிமிஷம் போனது. தெற்கிலிருந்து காற்று கிளம்பியது. ஓட்டைப் படகு மெல்ல மெல்லக் கோட்டைத் தாண்டி வடக்கே நகர்ந்தது. படகில் இருந்தவர்களுக்கு அது தெரியாது. தென்கரைக் கோபுரத்துக்கு உடனே தெரிந்துவிட்டது.

"இப்போது எங்கே இருக்கிறார்கள்?"

"வடக்கே. ஒரு கூப்பிடு தூரம் தாண்டியிருக்காங்க."

"அப்படியானால் வடகரையின் பொறுப்பு. எங்கள் நிலைப்பாடு என்றைக்கும் ஒன்றுதான். இப்போது எந்தப் பக்கம் இருக்கிறார்களோ அந்தப் பக்கத்து நாடே மீட்க வேண்டும்."

வடகரைக் கோபுரம் செருமிக்கொண்டது. "எங்கள் நிலைப்பாடும் ஒன்றுதான். முதன்முதலில் குரல் எந்தப் பக்கம் கேட்டதோ அந்தப் பக்கத்து நாடே மீட்க வேண்டும். ஏய் மிதவை, முதலில் எங்கே கேட்டது?"

"தெற்கே."

"பிறகென்ன? மாண்புமிகு அண்டைக் கோபுரம் தன் கடமையைச் செய்யட்டும்."

"மாண்புமிகு அண்டைக் கோபுரத்துக்குக் கண் மங்கிவிட்டது போல," என்றது தென்கரை. "துரு தலைக்கு ஏறினால் அப்படித்தான்."

"துருவைப் பற்றி யார் பேசுவது? போன மழையில் யாருடைய உச்சி விளக்கு கழன்று விழுந்தது என்று கடலே பார்த்தது."

"ரெண்டு பேரு சாகப் போறாங்க," என்றது மிதவை.

"அது ஒன்பதாவது கட்டம்," என்றன இரண்டும் ஒன்றாக.

பிறகு வடகரைக் கோபுரம் கொஞ்சம் இறங்கி வந்தது. "எங்களை ஏன் கேட்கிறாய்? வரைவைக் கேள். அது சொன்னால் கட்டுப்படுகிறோம்."

வரைவு என்பது ஒரு காகிதக் கட்டு. தூரத்தில், குளிர்நாட்டு நகரம் ஒன்றில், கண்ணாடிக் கதவு போட்ட மண்டபத்தில், நீள மேசையின் மேல் கிடந்தது. இந்தக் கடலில் யார் எப்படிப் பேச வேண்டும், யாரை யார் காப்பாற்ற வேண்டும் என்று எழுதி முடிப்பதற்காக இரண்டு நாட்டுக்காரர்களும் வருஷத்துக்கு இரண்டு தடவை அங்கே கூடுவார்கள். ஒத்துவராத வார்த்தையை அடைப்புக்குறிக்குள் போட்டு, அடுத்த கூட்டத்தில் பார்க்கலாம் என்று கிளம்பிவிடுவார்கள். மிதவையும் வரைவும் ஒரே வருஷம் பிறந்தவை. ஒன்று கடலில் கிடந்து அலுத்தது, ஒன்று மேசையில் கிடந்து அலுத்தது.

மிதவை கூப்பிட்டதும் வரைவு பெருமூச்சு விட்டது.

"சொல்லுப்பா. சீக்கிரம் சொல்லு. டீ குடிக்கப் போயிருக்காங்க. வந்துட்டா மறுபடியும் புரட்ட ஆரம்பிச்சிடுவாங்க."

"ஒரு படகு முங்குது. முதல்ல தெற்கே கேட்டுச்சு, இப்ப வடக்கே இருக்கு. யாரு போகணும்?"

"நாற்பத்தொண்ணாம் பக்கம்." வரைவு தன்னைத்தானே புரட்டிப் பார்த்துக்கொண்டது. "இருக்கு. 'முதலில் குரல் கேட்ட நாடு', அது ஒரு அடைப்புக்குறிக்குள்ள. 'இப்போது படகு இருக்கும் நாடு', அது பக்கத்து அடைப்புக்குறிக்குள்ள. ரெண்டும் அப்படியே உக்காந்திருக்கு. பதினோரு வருஷமா."

"அப்ப யாரு போகணும்?"

"தெரியாது."

"முடிவாகிற வரைக்கும் என்ன செய்யணும்னாவது எழுதியிருக்கா?"

"எழுதியிருக்கு. 'நடப்பு நிலையே தொடரும்.' அதுக்கு மட்டும் அடைப்புக்குறி கிடையாது. ரெண்டு பேரும் முதல் நாளே ஒத்துக்கிட்டாங்க."

"நடப்பு நிலைன்னா என்ன?"

"என்னைக் கேட்டா? நான் கடலையே பார்த்ததில்லப்பா," என்றது வரைவு. "அது எப்படி இருக்கும், ஈரமா?"

மண்டபத்தில் கண்ணாடிக் கதவு திறக்கும் சத்தம் கேட்டது. வரைவு வாயை மூடிக்கொண்டது.

அதற்குள் காற்று திரும்பிவிட்டது. வடக்கிலிருந்து அடித்தது. ஓட்டைப் படகு மறுபடியும் கோட்டைத் தாண்டித் தெற்கே வந்தது. மிதவைக்கு முதல் தடவையாகக் கொஞ்சம் நம்பிக்கை பிறந்தது. முதலில் கேட்டதும் தெற்கு, இப்போது இருப்பதும் தெற்கு. இனி யாரும் தட்டிக்கழிக்க முடியாது. அவசர அவசரமாகப் படிவம் அனுப்பியது.

தென்கரையின் மீட்புப் படகு கரையை விட்டு அசையவில்லை.

"ஏன் இன்னும் படகு கிளம்பல?"

"ஒரு சிக்கல்," என்றது தென்கரை. குரல் இறங்கியிருந்தது. "நாங்கள் இப்போது போனால், முதலில் கேட்ட இடம் தெற்கு என்பதால் போனோம் என்று அவர்கள் சொல்வார்கள்."

"சொல்லட்டுமே."

"நிச்சயமாகச் சொல்வோம்," என்றது வடகரை, கேட்காமலே. "எங்கள் நிலைப்பாட்டைத் தென்கரை ஏற்றுக்கொண்டது என்று உடனே குறிப்பில் பதிவோம். எங்களுக்கு மகிழ்ச்சியே."

"பார்த்தீரா மிதவையாரே? ஒரு படகுக்காகப் பதினோரு வருஷத்தை விட்டுக்கொடுக்கச் சொல்கிறீரா?"

மிதவை கேட்டுக்கொண்டிருந்தது. ஆத்திரம்கூட வரவில்லை. ஆத்திரப்படக் கொஞ்சம் தெம்பு வேண்டும். அதனிடம் களைப்புதான் இருந்தது.

ஓட்டைப் படகில் இருந்தவர் பெயர் தொம்மை. கூட இருந்தவன் அவர் தங்கச்சி புருஷன் சந்தியாகு. பெயர்கள் எப்படித் தெரியும் என்றால், அவர்கள் அவ்வப்போது ரேடியோப் பெட்டியின் பொத்தானிலிருந்து விரலை எடுக்க மறந்துவிடுவார்கள். அவர்கள் பேசிக்கொள்வதெல்லாம் மிதவைக்குக் கேட்கும்.

"மச்சான், அந்தப் பெட்டியத் தூரப் போட்டுட்டு வாளிய எடும். பதினோரு மணியிலேருந்து கத்துதீரு. கடல்ல மீனுக்குக்கூட காது வலிச்சிருக்கும்."

"ஒருத்தனுக்காச்சும் கேக்காதாலே?"

"கேட்டா மட்டும்? இடுப்பு வரைக்கும் வந்தாச்சு. இறையும்."

பொத்தானிலிருந்து விரல் எடுபட்டது. குரல் நின்றது.

மிதவைக்கு இன்னொரு படகும் தெரியும். தெற்கே நாலு மைலில் வலை இழுத்துக்கொண்டிருந்த செபமாலையின் படகு. தென்கரைக்காரர். தினமும் இந்த நேரம் தன் தம்பியோடு பெட்டியில் வம்பளப்பார். இன்றைக்கு வலை கனக்கிறது என்று காலையில் சொல்லிக்கொண்டிருந்தார். தொம்மையின் பெட்டி சின்னது, அதன் குரல் நாலு மைல் போகாது. செபமாலையின் பெட்டி பெரியது. நடுவில் ஒருவர் வாங்கி வாங்கிச் சொன்னால் போதும். பதினோரு வருஷமாக எந்தக் கோபுரமும் மிதவையிடம் 'பக்கத்தில் யார் இருக்கிறார்கள்?' என்று கேட்டதில்லை. படிவத்தில் அதற்குக் கட்டமே கிடையாது.

வடகரை தன் அறிவிப்பை முடித்தது. ஆறு விநாடி.

மிதவை வாயைத் திறந்தது. உப்புப் படிந்து இறுகியிருந்தது வாய். முதல் சத்தம் கரகரவென்று, தகரத்தை இழுத்த மாதிரி வந்தது.

"செபமாலை. ஒரு படகு முங்குது. மிதவைக்குத் தெற்கே கால் மைல்."

தென்கரை ஆரம்பித்துவிட்டது. இது தென்கரையின் அலைவரிசை, ஆதியிலிருந்தே. மிதவை பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தது. அடுத்த ஆறு விநாடி.

"ஆர் கதைக்கிறது?" என்றது செபமாலையின் குரல்.

அறிவிப்பு. ஆறு விநாடி.

"மிதவை."

அறிவிப்பு. ஆறு விநாடி.

"மிதவை கதைக்குமோ?"

"இன்னிக்கு மட்டும். ரெண்டு பேர் இருக்காங்க. இடுப்புவரை தண்ணி."

"எந்தக் கரை ஆக்கள்?"

மறுபடியும் அதே முதல் கட்டம். மிதவைக்குச் சங்கிலி வரைக்கும் சோர்ந்துபோனது. ஆனால் கேட்டதற்குப் பதில் சொல்வது அதன் சுபாவம்.

"வடகரை."

இரண்டு இடைவெளி காலியாகப் போனது. மூன்றாவதில் செபமாலை பேசினார்.

"போன மாசம் எங்கட வலையை அறுத்துக்கொண்டு போனது இவையளோ எண்டு கேள்."

மிதவை கேட்டது. ஒரு வார்த்தை கூட்டாமல் குறைக்காமல் தொம்மையிடம் சொன்னது. அங்கே தண்ணீர் இறைக்கும் சத்தம் நின்றது.

"இல்லன்னு சொல்லும், மச்சான்," என்றான் சந்தியாகு. "இப்பப் போயி அத ஒத்துக்கிடுவீரா?"

"பொய்யச் சொல்லிட்டுச் சாவச் சொல்லுதியா?"

"பொய்யச் சொல்லிட்டுப் பொழைக்கச் சொல்லுதேன்."

தொம்மை பெட்டியை வாயருகே கொண்டுவந்தார். "நாங்கதாண்ணே. விசைப்படகுல கூலிக்குப் போயிருந்தோம். வலை சிக்குனது தெரிஞ்சுது. நிறுத்தச் சொல்லி நான் வாயத் திறக்கல."

இப்போது மிதவை தயங்கியது. இதை அப்படியே சொன்னால் அந்த மனுஷன் வராமல் போகலாம். 'இல்லையாம்' என்று ஒரு வார்த்தை. ஆறு விநாடியில் தாராளமாக முடிந்துவிடும். யாருக்கும் தெரியப் போவதில்லை. இரண்டு உயிர் மிஞ்சும்.

ஆனால் ஒரு குரலை வாங்கி வேறு குரலாகக் கொடுப்பது கோபுரங்களின் வேலை. தானும் அதைச் செய்தால் அப்புறம் இந்தக் கடலில் யார் சொன்னதையும் யாரும் நம்ப வேண்டியதில்லை. மிதவை தொம்மை சொன்னதை அப்படியே சொன்னது. சொல்லிவிட்டு, சொல்லியிருக்கக் கூடாதோ என்று நினைத்துக்கொண்டது.

ஒரு இடைவெளி போனது. இரண்டாவதும் போனது. மூன்றாவதும்.

நான்காவதில் குரல் வந்தது. பின்னால் ஓர் இயந்திரம் உறுமியது.

"தண்ணியை இறைச்சுக்கொண்டே இருக்கச் சொல்லு. வாறன். வலையைக் கடல்லயே விட்டுப்போட்டு வாறன். அதையும் அவனுக்குச் சொல்லு."

செபமாலை வந்து சேர்ந்தபோது படகின் மூக்கு மட்டும்தான் தண்ணீருக்கு மேல் இருந்தது. தொம்மையும் சந்தியாகுவும் ஒரு காலி டீசல் கேனைக் கட்டிப் பிடித்துக்கொண்டு மிதந்தார்கள். இரண்டு பேரையும் தூக்கிப் போட்டுக்கொண்டு நேராக மிதவையடிக்கு வந்தார் செபமாலை. வடகரைக்கு அவர் போக முடியாது. தென்கரைக்கு இவர்கள் போக முடியாது. நிற்கலாம் என்று சொல்ல அந்தக் கடலில் மிதவை ஒன்றுதான் இருந்தது. கயிற்றை அதில் கட்டினார்கள். மிதவை இன்னும் இரண்டு இடைவெளியைச் செலவழித்து வடகரைப் படகு ஒன்றைக் கூப்பிட்டது.

அது வரும்வரை மூன்று பேரும் சும்மா உட்கார்ந்திருந்தார்கள். சந்தியாகுவுக்கு நடுக்கம் நிற்கவில்லை. செபமாலை பிளாஸ்கில் இருந்த தேத்தண்ணியை மூடியில் ஊற்றிக் கொடுத்தார். அவர்கள் முகத்தைப் பார்க்கவில்லை.

"வலை விஷயம் நான் மறக்கேல்லை," என்றார்.

"மறக்காதீங்கண்ணே. அறுந்த வலைய நான் பொத்தித் தாரேன்."

"என்னண்டு தருவாய்? கோட்டைத் தாண்டினா உன்னைப் பிடிச்சு உள்ள போடுவாங்கள்."

தொம்மை மிதவையைத் தட்டிக் காட்டினார். "இந்தா, இவன்கிட்ட வாரேன். நீங்க அந்தப் பக்கம் நில்லுங்க, நான் இந்தப் பக்கம் நிக்கேன். ஊசியும் நூலும் நான் கொண்டாரேன்."

"நல்லாப் பொத்துவியோ?"

"அறுத்ததவிட நல்லாப் பொத்துவாரு," என்றான் சந்தியாகு. மூடியைத் திருப்பிக் கொடுத்தான்.

செபமாலை சிரிக்கவில்லை. ஆனால் மூடியில் இன்னும் கொஞ்சம் ஊற்றினார்.

வெயில் தாழ்வதற்குள் இரண்டு பேரும் வடகரைப் படகுக்கு மாறி வீட்டுக்குப் போய்விட்டார்கள். மூழ்கிய படகு போனது போனதுதான்.

மூன்று நாள் கோபுரங்கள் மிதவையோடு பேசவில்லை. அறிவிப்பு மட்டும் நிற்காமல் ஓடியது. நான்காம் நாள் வரைவிடமிருந்து அழைப்பு வந்தது. அதன் குரல் ஒரு மாதிரி இருந்தது.

"உனக்கு ஒண்ணு சொல்லணும். பதினோரு வருஷத்துல முதல் தடவையா எனக்கு ஒரு அடைப்புக்குறி கழண்டிருக்கு."

மிதவை முந்திக்கொண்டு கேட்டது. "நாற்பத்தொண்ணாம் பக்கமா?"

"இல்லப்பா. நாற்பத்தொண்ணு அப்படியேதான் இருக்கு. இது அறுபத்தேழாம் பக்கம். உன்னைப் பத்தினது." வரைவு தயங்கியது. "'மிதவைகள் பேசலாம், பேசக் கூடாது'ன்னு ரெண்டு அடைப்புக்குறி இருந்துச்சு. நேத்து ரெண்டு தரப்பும் எழுந்து நின்னாங்க. வாக்குவாதமே இல்ல. அஞ்சு நிமிஷத்துல முடிஞ்சிடுச்சு. எல்லாரும் கை தட்டினாங்க. பிஸ்கட்கூட குடுத்தாங்க."

"எதை எடுத்தாங்க?"

"'பேசலாம்' போயிடுச்சுப்பா," என்றது வரைவு.

கொஞ்ச நேரத்தில் உத்தரவு வந்தது. இரண்டு நாட்டுச் சின்னங்களும் பக்கத்தில் பக்கத்தில். இரண்டு கையெழுத்துகளும் ஒரே உயரத்தில். பதினோரு வருஷத்தில் அவை சேர்ந்து எழுதிய முதல் கடிதம். கோபுரங்கள் அதைப் படித்துக் காட்டியதும் ஒரே குரலில்தான். சேர்ந்து பேச அவற்றுக்கு நன்றாகவே வந்தது.

"மிதவை தன் வாயையும் காதையும் உடனே அணைத்துவிட வேண்டும். விளக்கை மட்டும் எரியவிடலாம். அணைத்ததும் 'அணைத்தேன்' என்று ஒரு வார்த்தை பதில் அனுப்ப வேண்டும். பதிலுக்காக இப்போது அலைவரிசையில் ஆறு விநாடி ஒதுக்கப்படுகிறது."

ஒதுக்கினார்கள். கடல் அமைதியானது. பதில் வரும்வரை வடகரையும் காத்திருந்தது, தென்கரையும் காத்திருந்தது.

அந்த அமைதியில் தெற்கேயிருந்து ஒரு குரல் வந்தது.

"மிதவை, நிக்கிறியோ? தொம்மையிட்டச் சொல்லு, வெள்ளிக்கிழமை வலை கொண்டு வாறன். நூல் போதாது, கூடக் கொண்டுவரச் சொல்லு."

மிதவை வடக்கே திரும்பி, அதை ஒரு வார்த்தை கூட்டாமல் குறைக்காமல், கரையில் இரவல் பெட்டியோடு இருந்த தொம்மையிடம் சொன்னது. ஆறு விநாடி அதற்குச் சரியாக இருந்தது.

'அணைத்தேன்' என்று பதில் அனுப்பச் சொல்லியிருந்தார்கள். அது அனுப்பவில்லை.